பிணம் எழுந்திருக்கும் வரை

நடிக்க வந்த இடத்தில் முதல் வேடமே பிணமாக அமைந்தால் வருத்தப்படாதீர்கள். எனக்கு அப்படித்தான் அமைந்தது. வசனம் கிடையாது, ஆனால் மேக்கப் உண்டு, மதியச் சாப்பாடு உண்டு, சுற்றி நடப்பதை எல்லாம் படுத்தபடியே கேட்டுக்கொண்டிருக்கலாம். நான் இயக்குநர் வேலையைக் கற்றுக்கொண்டது அப்படிப் படுத்துத்தான்.

ஓய்வு பெற்ற பெரியவர் மாதிரிப் பேசுகிறானே என்று உங்களில் யாரோ சிரிப்பது இங்கே கேட்கிறது. எனக்கு முப்பத்தைந்து வயதுதான் ஆகிறது. ஆனால் மேடையை விட்டாயிற்று, சினிமாவையும் விட்டாயிற்று. இப்போது ஒரு மென்பொருள் நிறுவனத்துக்காக, புதிதாக வேலைக்குச் சேருபவர்களுக்குக் காட்டும் பயிற்சி வீடியோக்களை இயக்குகிறேன். அவற்றில் யாரும் சாவதில்லை. அம்பத்தூரில் நம் நாடகக் குழு ஒத்திகை பார்க்கும் மாடி அறையின் சாவியை உங்களிடம் கொடுத்த அன்று, "ஏதாவது எழுதிக் குடுங்கண்ணா, படிச்சுக்கறோம்" என்று கேட்டீர்கள். லென்ஸ், லைட்டிங் எல்லாம் உங்கள் கைப்பேசியே சொல்லித் தரும். ஏழுமலை அண்ணனைப் பற்றி அது சொல்லாது. அதனால் இதை எழுதுகிறேன்.

முதலில் அந்தப் பிணம்.

பொறியியல் முடித்திருந்தேன். வேலைக்குப் போகிறேன் என்று வீட்டில் சொல்லிவிட்டு, டிபன் பாக்ஸோடு வாய்ப்புத் தேடிக்கொண்டிருந்த காலம். வானகரத்தில் ஒரு பங்களாவில் டிவி சீரியல் படப்பிடிப்பு. குடும்பத் தலைவர் செத்துவிட்டார். அந்த வேடத்துக்கு வர வேண்டிய நடிகர் வரவில்லை. என்னைப் படுக்க வைத்து, தலைக்கு வெள்ளைச் சாயம் பூசி, மூக்கில் பஞ்சு வைத்து, நெற்றியில் காசு ஒட்டிவிட்டார்கள். மகளாக நடித்தவர் என் மார்பில் விழுந்து கதறினார். பெரிய கதறல்தான். ஆனால் கண்ணை மூடிக்கொண்டு கேட்டால், அந்தக் கதறலில் செத்தவர் யாருமே இல்லை. அப்போது ஓரத்தில் கும்பலோடு நின்ற ஒரு துணை நடிகை, தனக்குத் தானே சொல்வது போல, "சாப்டாமயே பூட்டாரே" என்று முணுமுணுத்தார். வசனத்தில் இல்லாத வரி.

"கட்! பொணம் எச்சி முழுங்குது!"

இயக்குநர் என் பக்கத்தில் வந்து குனிந்தார். திட்டப்போகிறார் என்று நினைத்தேன். "எதைக் கேட்டு முழுங்குன?" என்றார். சொன்னேன். அவர் ஓரத்தில் நின்ற அந்த அம்மாவைக் கூப்பிட்டு என் தலைமாட்டில் உட்கார வைத்தார். பிறகு என்னிடம், "நீ நடிக்க வந்தவன் இல்லடா, தப்பான வரிசையில நிக்கிற" என்றார். அதற்குப் பிறகு அவரை நான் பார்க்கவே இல்லை. அந்த ஒரு வாக்கியத்தை வைத்துக்கொண்டுதான் பல வருடங்கள் ஓட்டினேன்.

அந்த ஷாட் முடிந்ததும் எழுந்திருக்கப் போனேன். புரொடக்‌ஷன் மேனேஜர் அலறிக்கொண்டு ஓடி வந்தார்.

"யோவ், எயுந்துக்காத! அப்டியே கெட!"

"என்ன சார்?"

"சிரி."

"எதுக்கு சார்?"

"உசுரோட ஊட்டுக்குப் போவணுமா வேணாமா? கேமராவப் பாத்து சிரி."

நம் சினிமாவில் இது வழக்கம். நீங்களும் பார்ப்பீர்கள். பிணமாகப் படுத்தவர் எழுந்திருப்பதற்கு முன், ஓடிக்கொண்டிருக்கும் கேமராவைப் பார்த்து ஒரு தடவை சிரித்துவிட வேண்டும். செத்தது பொய் என்று கேமராவுக்குச் சொல்லிவிட வேண்டுமாம். சிரித்தேன். சிரிப்பு கிடைத்ததும் கேமராவை நிறுத்திவிட்டு எல்லோரும் டீ குடிக்கப் போய்விட்டார்கள். பஞ்சை நானே எடுத்துக்கொண்டேன்.

அன்று கற்றதுதான், நம் குழுவில் நாடகம் இயக்க வந்த பிறகும் என் வேலை முறை: ஒத்திகையில் கண்ணை மூடிக்கொள்வேன். முகத்தால் ஏமாற்றலாம், குரலால் அவ்வளவு சுலபமாக முடியாது. நான் தூங்குகிறேன் என்று நீங்கள் கேலி பேசியது எனக்குத் தெரியும். ஏழுமலை அண்ணனும் அதையேதான் சொன்னார்.

அவர் வந்து சேர்ந்ததே ஒரு கேலியில்தான். நம் அறைக்குக் கீழே பரோட்டா கடை இருக்கிறது அல்லவா? ஒருநாள் சாயங்காலம் மேலே ஒருவன் தகப்பனாக நடித்துக் கத்திக்கொண்டிருந்தான். கீழேயிருந்து ஒரு குரல்: "இன்னா நைனா, அவன் அய்வுறானா, ஏலம் உடுறானா?"

எட்டிப் பார்த்தேன். காக்கிச் சட்டை, எண்ணெய் வைத்து அழுத்தி வாரிய தலை. "முடிஞ்சா நீங்க வந்து பண்ணுங்க" என்றேன். வந்துவிட்டார். கையைக் கூடக் கழுவவில்லை.

அம்பத்தூர் இண்டஸ்ட்ரியல் எஸ்டேட்டில் தகடு வெட்டும் பிரஸ் மெஷின் ஓட்டுபவர். மேனாம்பேட்டில் வீடு. நாள் முழுக்க இரும்புச் சத்தத்துக்கு மேல் கத்திக் கத்திக் கரகரத்துப்போன குரல். நான் கண்ணை மூடிக்கொண்டேன். அந்தக் காட்சியில் அப்பா வேலை போனதை மறைத்து மகளிடம் பேசுவார். "நான் சாப்ட்டேன், நீ சாப்டு" என்று ஒரு வரி. ஏழுமலை அண்ணன் "நான்" என்று சொல்லி, ஒரு சின்ன இடைவெளி விட்டு, "சாப்ட்டேன்" என்றார். அந்த இடைவெளியில் அந்த மனிதருடைய பசி முழுவதும் கேட்டது.

"இன்னா டைரக்டரே? நான் நடிச்சுகினு கீறேன், நீ தூங்கிகினு கீற?"

நல்லவர் என்று மட்டும் நினைத்துவிடாதீர்கள். பயங்கரமான ஆள். ஒத்திகைக்கு ஒருநாளும் நேரத்துக்கு வரமாட்டார். நோட்டீஸில் தன் பெயர் சின்னதாக இருந்தால் சண்டை. செத்துக் கிடக்கும் காட்சிக்கும் சீப்பை எடுத்துத் தலை வாருவார். "செத்தா தல கலைஞ்சிருக்கும்ணே" என்றால், "உன் அப்பன் சாவசொல்ல கலைஞ்சுக்கட்டும், நான் ஷோக்காத்தான் சாவேன்" என்பார்.

ஆவடியில் ஒரு பள்ளி மைதானத்தில் நாடகம். கடைசிக் காட்சி, அப்பா செத்துக் கிடக்கிறார், மகள் உள்ளே வர வேண்டும், கரண்ட் போய்விட்டது. ஜெனரேட்டரும் இழுத்து இழுத்துப் பார்த்துவிட்டு நின்றது. கூட்டத்தில் விசில். பின் வரிசையில் நாற்காலிகளை இழுக்கும் சத்தம். திரையை இழுத்துவிடலாமா, காத்திருக்கலாமா? அப்போது மேடையிலிருந்து பிணம் பேசியது.

"யோவ், நான் செத்துக் கெடக்கேன். கரண்ட் வர்ற வரிக்கும் எனக்குத் துணைக்கு ஒக்காருங்கபா."

கூட்டம் சிரித்தது. எனக்கு ரத்தம் தலைக்கேறியது. அவ்வளவு உழைத்து உருவாக்கிய முடிவு போயிற்று! பக்கத்தில் நின்ற பையன்கள் "திரைய இழுத்துரலாமாண்ணா?" என்றார்கள். நான் கண்ணை மூடிக்கொண்டேன். பழக்கம்தான், வேறென்ன. சிரிப்பு அடங்கிக்கொண்டிருந்தது. அடங்கிய இடத்தில், இருட்டுக்குள், அவர் முதல் காட்சியின் வசனங்களை ஒவ்வொன்றாகச் சொல்ல ஆரம்பித்தார், தாழ்ந்த குரலில், செத்தவர் நினைத்துப் பார்ப்பது போல. "நான்... சாப்ட்டேன், நீ சாப்டு" வந்தபோது மைதானத்தில் ஒரு நாற்காலிகூட அசையவில்லை. "இழுக்காதே" என்றேன்.

உங்கள் திட்டத்தை யாராவது உடைத்தால், உடைத்தவர் மேல் பாய்வதற்கு முன் அரங்கத்துக்குக் காது கொடுங்கள். பிறகு வேண்டுமானால் சண்டை போடலாம். நான் போட்டேன். ஒரு வாரம் அவரோடு பேசவில்லை. அவருக்கும் அது ஒன்றும் உறைத்ததாகத் தெரியவில்லை.

இனிமேல் எழுதப்போவதுதான் எழுதக் கஷ்டமானது.

படம் எடுக்க ஒருவர் முன்வந்தார். திருமழிசையில் பம்புக்கு உதிரி பாகம் செய்யும் பட்டறை முதலாளி. நாடகத்தைப் பார்த்து அழுதவர். அதே கதை, அதே அப்பா, அதே ஏழுமலை அண்ணன். திருமழிசையின் பழைய தெருவில் ஒரு ஓட்டு வீட்டைப் பிடித்தோம். ஒரு பக்கம் நெடுஞ்சாலை, பஸ்கள் ஹாரன் அடித்துக்கொண்டே போகும். இன்னொரு பக்கம் பட்டறைகள். அங்கே பேசுவதை அப்படியே படத்தில் வைக்க முடியாது. அதனால் வழிகாட்டுவதற்காக மட்டும் ஒரு சின்ன மைக்கில் குரலைப் பதிவு செய்துகொண்டோம், பிறகு ஸ்டூடியோவில் எல்லோரும் வந்து டப்பிங் பேசிக்கொள்ளலாம் என்று. சின்னப் படங்கள் எல்லாம் இப்படித்தான்.

அவர் இளைத்திருந்தார். கேட்டேன். "கேரக்டருக்காக எளச்சுகினு கீறேன், கேமராமேனுக்குக் கூட சொல்லாத" என்றார். மதியம் சாப்பாட்டுத் தட்டை மூடி வைத்துவிட்டு, "நான் சாப்ட்டேன், நீ போய் சாப்டு நைனா" என்றார். கண்ணைத் திறந்தே கேட்டேன். வசனத்தைச் சொல்லிக் கிண்டல் செய்கிறார் என்றுதான் நினைத்தேன், எல்லோரும் அப்படித்தான் நினைத்தோம்.

படத்தொகுப்பு முடிந்து டப்பிங்குக்கு நாள் குறித்துக்கொண்டிருந்தபோது அவர் மருத்துவமனையில் இருந்தார். குறித்த நாளுக்கு முன்பே போய்விட்டார். மேனாம்பேட்டு வீட்டு வாசலில் அவரைப் படுக்க வைத்திருந்தார்கள். தலை கலைந்திருந்தது. நான் தொடப்போய், பிறகு தொடவில்லை. அவருடைய மனைவி கௌரி அண்ணி உள்ளே போய்ச் சீப்பை எடுத்துவந்து வாரிவிட்டார்.

படத்தில் அவர் முகம் இருக்கிறது, குரல் இல்லை. இதுதான் நிலைமை. வழிகாட்டுவதற்காகப் பதிந்த ஒலியில் அவர் பேசியது எல்லாம் இருக்கிறது, ஆனால் ஒவ்வொரு சொல்லின் மேலும் ஒரு பஸ் ஓடுகிறது. ஒலிப்பதிவாளர் துடைத்துத் துடைத்துப் பார்த்தார். ஹாரனை எடுத்தால் குரலிலும் பாதி போகிறது. கம்ப்யூட்டரிலேயே அந்தக் குரலை உருவாக்கிவிடலாம் என்றார் ஒருவர். அதற்குச் சுத்தமான மாதிரி வேண்டும் என்றார்கள். அதுதானே இல்லை! படத்தை வாங்க வந்தவர்கள் இரைச்சலோடு எடுத்துக்கொள்ள மாட்டோம் என்றார்கள்.

"இன்னொருத்தர வெச்சுப் பேசிடுங்க தம்பி" என்றார் முதலாளி.

"அவர் குரல்தான் சார் அந்த வேஷமே."

"நானும் அழுதவன்தான். ஆனா படத்தப் பெட்டிக்குள்ள வெச்சுப் பூட்டுனா அது மரியாதையா?"

எனக்குக் கோபம் வந்தது. முடியாது என்று சொல்லிவிடுவது என்று தீர்மானித்தேன். அவருடைய வாயில் இன்னொருவருடைய குரலா? படமே வராவிட்டாலும் பரவாயில்லை. என் பக்கம் ஒரு பலம் வேண்டும் என்று கௌரி அண்ணியிடம் போனேன். அவர் வேண்டாம் என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும், முதலாளி வாயை மூடிக்கொள்வார்.

அண்ணி முழுதும் கேட்டுவிட்டு, "அதுக்கு இன்னா இப்போ? வேற ஆள வெச்சுப் பேச உடு" என்றார்.

"அண்ணி, அவர் குரல்..."

"தம்பி, அந்தாளுக்கு ஒடம்பு இன்னான்னு எனக்குத் தெரியும். ஆஸ்பத்திரில படுத்துக்க வான்னு கூப்ட்டதுக்கு, படத்த முடிச்சுட்டு வரேன்னான். பெரிய ஸ்க்ரீன்ல அவன் மூஞ்சி வரணும். அதுக்கோசரம்தான் அத்தினியும். நீ கொரலு கொரலுன்னுகினு அவன் மூஞ்சிய மூடி வெக்கப் போறியா?"

கண்ணை மூடிக் கேட்டேன். அண்ணியின் குரலில் எனக்காகக் கூட்டிச் சேர்த்தது எதுவும் இல்லை.

ஒரு நடிகர் மேல் நமக்கு இருக்கும் மரியாதை வேறு, அவருடைய ஆசை வேறு. இரண்டும் மோதும்போது நம்முடைய மரியாதை மிக உயர்ந்ததாகத் தெரியும், ஜாக்கிரதையாக இருங்கள். நான் ஒப்புக்கொண்டேன்.

டப்பிங் பேச வந்தவர் திறமைசாலி. ஒருநாள் முழுக்க அந்த இரைச்சல் ஒலியைக் காதில் மாட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். கரகரப்பு, இழுவை, சொல்லை விழுங்குவது, எல்லாம் வந்துவிட்டது. உதவியாளர் பெண் அழுதுவிட்டாள். அந்த வரி வந்தது. "நான் சாப்ட்டேன், நீ சாப்டு."

"நடுவுல ஒரு சின்ன இடைவெளி இருக்கு சார்" என்றேன்.

"ஓ, சாரி." மறுபடி பேசினார். "நான்... சாப்ட்டேன்."

இடைவெளி மிகச் சரியாக இருந்தது. அளவு பிசகவில்லை. கண்ணை மூடிக்கொண்டு கேட்டேன். அது இடைவெளியாக மட்டும்தான் இருந்தது. இன்னொரு தடவை கேட்கலாம், இருபது தடவை கேட்கலாம். அந்த மனிதரும் சலிக்காமல் பேசுவார். அவரிடம் எதைக் கேட்பது? "ஓகே சார்" என்றேன். நான் சொன்னதிலேயே கனமான ஓகே அதுதான்.

படம் வந்தது. ஆவடியில் ஒரு தியேட்டரில் காலைக் காட்சி மட்டும் போட்டார்கள். மேனாம்பேட்டிலிருந்து ஷேர் ஆட்டோக்களில் உறவுக்காரர்கள் வந்தார்கள், எஸ்டேட்டிலிருந்து ஷிப்ட் மாற்றிக்கொண்டு அவருடைய கூட்டாளிகள் வந்தார்கள். மற்றபடி நாற்காலிகள் காலி. அவர் முகம் திரை முழுக்க வந்தபோது ஒருவர் எழுந்து நின்று, "மாமே! இன்னா ஷோக்கா கீற மாமே!" என்று கத்தினார். இரண்டு மூன்று பேர் விசிலடித்தார்கள். அப்புறம் திரையில் அவர் பேச ஆரம்பித்ததும் விசில் நின்றுவிட்டது. கவனித்தேன். சும்மா நின்றுவிட்டது.

வெளியே வண்டி நிறுத்தும் இடத்தில் அண்ணி என்னிடம் வந்தார்.

"நல்லா கீது தம்பி."

"நிஜமா சொல்லுங்கண்ணி."

"நல்லாத்தான் கீது. மூஞ்சி ஷோக்கா வந்துகீது." முந்தானையால் வாயைத் துடைத்துக்கொண்டார். "அந்த, சாப்ட்டேன்னு சொல்றான் பாரு. எங்கிட்ட தெனம் சொல்வான். இதுல நெஜமாவே சாப்ட்டவன் சொல்ற மாரி கீது."

படம் அந்த வாரத்தோடு போய்விட்டது. வேறு எங்கும் வரவில்லை. முதலாளி என்னைத் திட்டவில்லை. அடுத்த படம் பற்றியும் பேசவில்லை. நானும் பேசவில்லை. அதற்குப் பிறகு ஒத்திகையில் கண்ணை மூடினால், யார் பேசினாலும் அந்தச் சரியான இடைவெளிதான் கேட்டது. எழுதிக் கொடுங்கள் என்றீர்களே தவிர, ஏன் விட்டீர்கள் என்று உங்களில் யாரும் கேட்கவில்லை. இதனால்தான்.

சில மாதங்கள் கழித்து அண்ணி போன் செய்தார். "தம்பி, அந்தாளு சொந்தக் கொரலு எதனா உங்கிட்ட கீதா? பஸ் சத்தம் இருந்தாலும் பரவால்ல."

தேடினேன். எழுதிய வசனம் இல்லாமல் அவராகவே பேசிய ஒரு துண்டு கிடைத்தது. மரணக் காட்சியின் கடைசி. அதை மட்டும் கைப்பேசியில் ஏற்றிக்கொண்டு மேனாம்பேட்டுக்குப் போனேன்.

பெஞ்சில் மாலையோடு படுத்திருக்கிறார். தலை வாரியிருக்கிறது. "கட்" என்று என் குரல். "ஓடிட்டிருக்கு, சிரிங்கண்ணே" என்று கேமராமேன். அவர் ஒற்றைக் கண்ணைத் திறக்கிறார்.

"சிரிப்பு வர்லபா. எதனா ஜோக் சொல்லு."

ஒரு பஸ் போகிறது. யாரோ, "உன் தலையப் பாத்தாலே ஜோக்காதான் கீது அண்ணாத்தே" என்கிறார்கள். அவருக்குச் சிரிப்பு வந்துவிடுகிறது, சிரிப்போடு இருமலும். கேமராவைப் பார்த்து நன்றாகவே சிரிக்கிறார். பிறகு, "எயுந்துக்கலாமா டைரக்டரே?" என்கிறார்.

"எழுந்திருங்கண்ணே, டீ வந்துடுச்சு" என்று என் குரல்.

அவர் ஒரு கையைப் பெஞ்சில் ஊன்றுகிறார். அவ்வளவுதான், துண்டு முடிந்துவிடுகிறது.

அண்ணி மறுபடி போட்டார். மறுபடி. ஒவ்வொரு தடவையும் கை ஊன்றியதும் நின்றுபோயிற்று.

"எயுந்துக்கசொல்ல நின்னுபூடுதே, மீதி எங்க?"

"அதுக்கு மேல எடுக்கலண்ணி. சிரிச்சதும் கேமராவ நிறுத்திடுவாங்க. அதான் வழக்கம்."

அவர் திரையைப் பார்த்துக்கொண்டே இருந்தார். "எயுந்துக்கினத யாருமே எடுக்கலியா?"

அன்று அவர் எழுந்தது எனக்குத் தெரியும். மாலையைக் கழற்றி கேமராமேன் கழுத்தில் போட்டார். நெற்றிக் காசைப் பிய்த்து எடுத்து, "இத்த நான் வெச்சுக்கறேன்" என்றார். டீயில் சர்க்கரை போதவில்லை என்று சண்டை பிடித்தார். எல்லாவற்றையும் சொன்னேன். அண்ணி கேட்டுக்கொண்டார். ஆனால் சொன்னது என் குரல்தானே.

வழக்கத்தை விடச் சொல்லவில்லை. சிரிக்க வையுங்கள். உங்கள் பிணங்கள் எல்லாம் நன்றாகச் சிரிக்கட்டும். ஆனால் சிரிப்போடு கேமராவை நிறுத்திவிடாதீர்கள். படுத்திருந்தவர் கையை ஊன்றி, எழுந்து உட்கார்ந்து, பஞ்சை எடுத்துப் போட்டு, டீ கிளாஸை வாங்கி வாயில் வைக்கும் வரை ஓடட்டும்.